கல் கிடைக்காத ஊரில் கல்லறை எப்படி?

இங்கிலாந்தின் ஸ்டோன்ஹெஞ்சைப் படத்திலாவது பார்த்திருப்பீங்க. கி.மு. 2500 வாக்கில், 20 டன்னைத் தாண்டும் கற்களைச் சுமார் 25 கி.மீ. நகர்த்தி வந்து நட்டிருக்காங்க. இறந்தவர்களை எரித்த எலும்பும் அங்கே புதைந்திருக்கு.

நம்ம பக்கம்? கிருஷ்ணகிரி மாவட்டம் மல்லசந்திரத்தில் இரும்புக் காலக் கல்திட்டைகள் இருக்கு. சுற்றி நிறுத்திய பலகைக்கற்கள், மேலே ஒரு மூடுகல், ஒரு பலகையில் வட்டத் துளை. சாந்து கிடையாது, எடைதான் பிடிமானம். சிவில் நண்பர்கள் ஒருமுறை போய்ப் பார்க்கணும்.

புவனகிரியில் அஸ்திவாரம் தோண்டினால் வெள்ளாற்று வண்டல்தான் வரும். பலகைக்கல்லுக்கு எங்கே போவது? இப்படிக் கல் கிடைக்காத இடங்களில் களிமண்ணே கல்லறை ஆனது: முதுமக்கள் தாழி. நம்ம மாவட்டத்திலேயே, பண்ருட்டி பக்கம் மருங்கூரில் தாழிகள் கிடைத்திருக்கு. தாழிகளோடு வைக்கும் கிண்ணங்கள் உள்ளே கருப்பு, வெளியே சிவப்பு. கவிழ்த்துச் சுட்டதால் உள்ளே காற்று போகவில்லை என்பது பொதுவான விளக்கம். (மெட்டலர்ஜி படிக்கிறவங்களுக்கு உடனே புரியும்!)

நாளைக்கு நீங்க சைட்டில் நிற்கும்போது ஜேசிபி வாயில் தடித்த, வளைந்த பானை விளிம்பு மாட்டலாம். வண்டியை நிறுத்துங்க. போட்டோ எடுத்து வி.ஏ.ஓ.விடம் சொல்லுங்க. தாழியை மட்டும் வெளியே தூக்காதீங்க. தூக்கிட்டா, எந்த ஆழத்தில், எதோடு சேர்ந்து கிடந்ததுன்னு அப்புறம் யாராலும் சொல்ல முடியாது.