விலைக்கு வராத வீரர்

தியோஃபிலோ ஸ்டீவன்சன் 1952ஆம் ஆண்டு கியூபா நாட்டில் பிறந்தார். அவருடைய தந்தையார் செயின்ட் வின்சென்ட் தீவிலிருந்து அங்குக் குடியேறியவர். (உங்களுள் பலரைப் போல ஸ்டீவன்சனும் புலம்பெயர்ந்தவரின் பிள்ளையே.) மியூனிக், மாண்ட்ரியல், மாஸ்கோ ஆகிய மூன்று ஒலிம்பிக் போட்டிகளிலும் அவர் குத்துச்சண்டையில் தங்கப் பதக்கம் வென்றார்.

ஊதியம் பெற்று மோதும் தொழில்முறைக் குத்துச்சண்டையைக் கியூபா 1962இலேயே தடைசெய்திருந்தது. முகமது அலியுடன் மோதினால் இலட்சக்கணக்கான டாலர் தருவதாக அமெரிக்கப் போட்டி அமைப்பாளர்கள் அவரை அழைத்தனர். இசைந்திருந்தால் தாய்நாட்டைத் துறக்க நேர்ந்திருக்கும். கியூப மக்களின் அன்பைவிடப் பணம் பெரிதன்று எனக் கூறி மறுத்துவிட்டார். மோதியிருந்தால் யார் வென்றிருப்பார் என்று இன்றும் வாதிடுவோர் உளர்.

1984இல் லாஸ் ஏஞ்சலிஸ் ஒலிம்பிக்கைக் கியூபா புறக்கணித்தது. நான்காம் பதக்கத்திற்கான வாய்ப்பு நழுவியது. ஆயினும், 1986இல் தம் 34ஆம் வயதில் மூன்றாம் முறையாக உலகச் சாம்பியன் ஆனார். ஓய்வுக்குப்பின் கியூபக் குத்துச்சண்டைக் கூட்டமைப்பில் பணியாற்றினார். களத்தில் ஒருபோதும் சந்தித்திராத அலி, 1996இல் மருத்துவ உதவிப் பொருள்களுடன் ஹவானா வந்தபோது இருவரும் நண்பர்களாகவே சந்தித்தனர். ஸ்டீவன்சன் 2012இல் காலமானார்.

சிந்தனை வினா: ஸ்டீவன்சனின் இடத்தில் நீவிர் இருந்திருந்தால் என்ன முடிவு எடுத்திருப்பீர்? காரணத்துடன் ஐந்து வரிகளில் எழுதுக.