நண்பரே படித்து முடித்திருக்கலாம்

கேள்வி: ஆன்டனி போர்டெயின் இறந்த பிறகும் அவருடைய 'பார்ட்ஸ் அன்நோன்' தொடரின் புதிய பகுதிகள் வந்தன என்கிறான் என் மகன். 2021-இல் வந்த ஆவணப்படத்தில், அவர் பேசாததைக்கூடப் பேச வைத்தார்களாமே! இதெல்லாம் எப்படி நடந்தது? சரிதானா?
– வாசகி, திருச்சி

பதில்: மகன் சொன்னது உண்மைதான். ஆனால் இரண்டும் ஒரே மாதிரி நடக்கவில்லை.

'பார்ட்ஸ் அன்நோன்', போர்டெயின் ஊர் ஊராகப் போய்ச் சாப்பிட்டுப் பேசும் பயணத் தொடர். இத்தகைய நிகழ்ச்சிகளில் பின்னணிக் குரல் கடைசியில்தான் சேரும். ஊருக்குப் போய்ப் படம் பிடித்து, எடிட்டிங்கில் உருவம் கொடுத்த பிறகே அவர் எழுதிப் பேசுவார். 2018 ஜூன் 8-இல், பிரான்ஸின் அல்சாஸ் பகுதியில் படப்பிடிப்புக்கு வந்த இடத்தில் போர்டெயின் இறந்தார். எடுத்த காட்சிகள் இருந்தன, குரல் இல்லை. கடைசிப் பருவத்தில் கென்யா பகுதிக்கு மட்டும்தான் முழுமையாகப் பேசி முடித்திருந்தார்.

மற்ற பகுதிகளில் அவர் இடத்தை நிரப்ப வேறு குரலைக் குழுவினர் தேடவில்லை. சாப்பாட்டு மேசையில் மைக்கில் பதிவான அவர் பேச்சையும், கூட இருந்தவர்கள் சொன்னதையும் வைத்தே கோத்தார்கள். நியூயார்க்கின் லோயர் ஈஸ்ட் சைடு பற்றிய இறுதிப் பகுதி 2018 நவம்பர் 11-இல் ஒளிபரப்பானது. குரல் இல்லாத அந்த வெறுமையை மறைக்காமல் விட்டார்களே, அதுதான் அவருக்குச் செய்த மரியாதை.

அப்படிக் கோக்க முடிந்ததற்குக் காரணம் உண்டு: எதிரில் இருப்பவரைப் பேச விட்டுக் கேட்பதுதான் அவருடைய பெரிய திறமை. 2016-இல் வியட்நாமின் ஹனோயில் ஒபாமாவோடு பிளாஸ்டிக் முக்காலியில் உட்கார்ந்து 'புன் சா' என்ற நூடுல்ஸ் உணவைச் சாப்பிட்டாரே, அந்த மேசையைக் கடைக்காரர்கள் கண்ணாடிக்குள் வைத்துப் பாதுகாக்கிறார்கள்.

இனி ஆவணப்படம். மார்கன் நெவில் இயக்கிய 'ரோட்ரன்னர்' பெரும்பாலும் பழைய காட்சிகளால் ஆனது; அந்த அளவில் நல்ல படம். ஆனால் சில வரிகளுக்குச் செயற்கை நுண்ணறிவால் போர்டெயினின் குரலை உருவாக்கிச் சேர்த்திருந்தார்கள். படத்தில் அதைச் சொல்லவில்லை; இயக்குநரின் பேட்டியில்தான் வெளிவந்தது. உரியவர்களிடம் கேட்டுத்தான் செய்ததாக அவர் சொன்னார். போர்டெயினைப் பிரிந்து வாழ்ந்த மனைவியோ, தான் சம்மதிக்கவில்லை என்று மறுத்தார்.

அப்படிக் குரல் சேர்த்ததில் ஒன்று, ஓவியரான நண்பருக்குப் போர்டெயின் எழுதிய மின்னஞ்சல். நண்பர் படிக்கத் தொடங்குகிறார். பாதியில் அது போர்டெயின் குரலாக மாறுகிறது. சொற்கள் அவருடையவைதான். ஆனால் ஒரே ஒருவருக்காக எழுதிய மனவேதனையை எந்தத் தொனியில் சொல்வது, எங்கே நிறுத்துவது என்பதை வேறு யாரோ தீர்மானித்துவிட்டார்கள். பார்ப்பவருக்கும் அது தெரியாது. என் கருத்தில் அது தவறு. கடிதம் வந்தது அந்த நண்பருக்கு. அவரே கடைசிவரை படித்திருந்தால் போதும்.

கென்யா பகுதியை மகனோடு உட்கார்ந்து பாருங்கள். அதில் கேட்கும் பின்னணிக் குரல் முழுக்க அவருடையது.