படச்சுருளும் எழுத்துச் சான்றும்: ஏ. கே. செட்டியாரின் ‘மகாத்மா காந்தி’ ஆவணப்படத்தை முன்வைத்து

‘உலகம் சுற்றிய தமிழர்’ என்னும் அடைமொழிக்குள்ளேயே ஏ. கே. செட்டியாரைத் (1911–1983) தமிழாய்வுலகம் பெரிதும் அடக்கிவிட்டது. அவருடைய ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ நூலும் பயண இலக்கிய வரிசையில் வைத்தே வாசிக்கப்படுகிறது. அவர் உருவாக்கிய ‘மகாத்மா காந்தி’ ஆவணப்படத்தின் தமிழ் வடிவம் இன்று கிடைக்கவில்லை. ஆகவே அந்நூலை அப்படத்தின் தோற்ற வரலாற்றைக் கூறும் முதன்மைச் சான்றாகக் கொள்ள வேண்டும் என்பது இக்கட்டுரையின் கருத்து.

1937 அக்டோபர் 2ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் சென்றபோது செட்டியாருக்கு இப்படத்தைப் பற்றிய எண்ணம் தோன்றியது. அன்று காந்தியின் பிறந்தநாள். அக்காலத்தில் காந்தியைக் காட்டும் படச்சுருள்கள் ஓரிடத்தில் தொகுக்கப்பட்டிருக்கவில்லை. உப்புச் சத்தியாக்கிரகக் காட்சிகள் கொண்ட படங்கள் 1930இல் காலனிய அரசின் தடைக்கும் உள்ளாகியிருந்தன. எனவே அவருடைய பணி படமெடுப்பதாக அன்றித் தேடுவதாகவே தொடங்கியது. ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம் செய்து, முப்பது ஆண்டுகளில் நூறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்த காட்சிகளிலிருந்து 50,000 அடிச் சுருளைத் திரட்டினார். படமாக உருப்பெற்றது 12,000 அடி. திரையில் அது ஏறத்தாழ இரண்டேகால் மணி நேரம் ஓடும். திரட்டியதில் கால்பங்கிற்கும் குறைவானதே படத்தில் இடம்பெற்றது. எஞ்சிய 38,000 அடியைப் பற்றிய கேள்வியை ஆய்வாளர்கள் போதிய அளவில் எழுப்பவில்லை.

1940 ஆகஸ்டு 23ஆம் நாள் தமிழ் விளக்கவுரையுடன் படம் வெளியாயிற்று. பின்னர்த் தெலுங்கிலும் வந்தது. போர்க்காலக் கெடுபிடியில், அரசு கைப்பற்றிவிடும் என்னும் அச்சத்தால் படச்சுருள்கள் மறைத்துவைக்கப்பட்டன. விடுதலையையொட்டி இந்தி வடிவமும், 1953இல் அமெரிக்காவில் ஆங்கில வடிவமும் வெளிவந்தன. பிற்காலத்தில் ஆ. இரா. வேங்கடாசலபதி சான்பிரான்சிஸ்கோ மாநிலப் பல்கலைக்கழகத்தில் கண்டறிந்ததும் ஆங்கில வடிவமே. தமிழனால், தமிழருக்காகத் தமிழில் முதலில் பேசிய படம் பிறமொழி வடிவில் எஞ்சியிருப்பது வியப்புக்குரியதன்று. பாதுகாக்கும் நிறுவனம் அங்கிருந்தது, இங்கில்லை.

இவ்விடத்தில்தான் நூலின் மதிப்பு உயர்கிறது. எந்தக் காட்சி எங்கே, யாரிடமிருந்து, எத்தகைய முயற்சியால் கிடைத்தது என்பதைத் திரைப்படம் சொல்வதில்லை, நூல் சொல்கிறது. வேங்கடாசலபதி பதிப்பித்து 2003இல் நூலாக்கிய இக்கட்டுரைகள், செட்டியார் தம் ‘குமரி மலர்’ இதழில் முதுமையில் எழுதியவை. அரிய பழைய எழுத்துகளைத் தேடி மறுவெளியீடு செய்த இதழ் அது. தொகுக்கும் பழக்கம் அவரிடம் படத்தோடு முடிந்துவிடவில்லை. எனினும் பல்லாண்டு கடந்தபின் எழுதப்பட்ட நினைவுக்குறிப்பை அப்படியே ஏற்பது முறையன்று. தம்மை முன்னிறுத்தாத அவருடைய நடை வாசிப்புக்கு இனியது. ஆய்வாளருக்கோ அது சில இடங்களில் இடையூறு, பேரம், பணம், மறுப்பு ஆகியவை ஒரு வரியில் கடந்துவிடப்படுகின்றன. நூல் குறிப்பிடும் ஒவ்வொரு காட்சியையும் கிடைத்துள்ள ஆங்கிலப் படியோடும், வெளிநாட்டுச் செய்திப்பட நிறுவனங்களின் பட்டியல்களோடும் ஒப்பிட்டு அட்டவணைப்படுத்துவதே அடுத்து நிகழவேண்டிய பணி. 1940ஆம் ஆண்டுத் தமிழ் இதழ்களில் வந்த விளம்பரங்களையும் மதிப்புரைகளையும் தொகுத்தால், மறைந்த தமிழ் விளக்கவுரையின் சில பகுதிகளேனும் தெரியவரக்கூடும்.