புதுக்குடித்தனம் போகும் பேத்திகளுக்கு

‘பொம்பளைன்னா இப்படித்தான் இருக்கணும்’ என்று சொல்லிக்கொடுக்க ஊரே வரும். எதற்கு என்று கேளுங்கள். காரணம் சரியாக இருந்தால் மட்டும் செய்யுங்கள்.

1. வாய்விட்டுச் சிரியுங்கள். பொம்பளை சிரிச்சா போச்சு, புகையிலை விரிச்சா போச்சு என்பார்கள். விரித்த புகையிலையில் காரம் போகும். சிரித்த பெண்ணிடம் எது போனது? பெண்ணின் சிரிப்புக்கு எந்த வீட்டுக் கூரையும் இடிந்ததில்லை.

2. பசித்தால் சாப்பிடுங்கள். கடைசியில் உட்காருபவளுக்கு மிஞ்சுவது ரசத்து வண்டலும், காய் தீர்ந்த குழம்பும், உடைந்த அப்பளமும்தான். தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயதுவரையுள்ள பெண்களில் பாதிக்கு மேற்பட்டோருக்கு ரத்தசோகை என்கிறது 2019-21 தேசியக் குடும்பநலக் கணக்கெடுப்பு. பாத்திரங்களை நடுவில் வைத்து எல்லாரும் சேர்ந்து உட்காருங்கள். மாமியாரையும் கையைப் பிடித்து உட்கார வையுங்கள். காலமெல்லாம் ஆறின சோறு தின்றவர் அவர்.

3. படிப்பைப் பாதியில் விடாதீர்கள். அடுப்பூதும் பெண்ணுக்குப் படிப்பெதற்கு என்றார்கள். ஊதும் அடுப்பே போய்விட்டது, கேள்வி மட்டும் இன்னும் புகைகிறது. முத்துலட்சுமி ரெட்டி 1912இல் சென்னை மருத்துவக் கல்லூரியில் பட்டம் பெற்றார். 1954இல் அடையாறு புற்றுநோய் மருத்துவமனையை நிறுவினார். அங்கே பிழைத்தவர்களில் ஆண்களும் உண்டு.

4. சொத்தில் உங்கள் பங்கை விட்டுக்கொடுக்கும் விடுதலைப் பத்திரத்தைப் படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள். இந்துக் குடும்பங்களில் பூர்விகச் சொத்தில் மகளுக்கும் சமபங்கு என்று தமிழ்நாடு 1989இல் சட்டம் செய்தது. 2005இல் மத்தியச் சட்டமும் அதையே சொன்னது. ஒரு பட்டுச்சேலையைக் கையில் கொடுத்துப் பதிவு அலுவலகத்துக்குக் கூட்டிப்போவார்கள். பங்கு கேட்கும் தங்கை பேராசைக்காரி என்றால், அவள் பங்கையும் சேர்த்து எடுக்கும் அண்ணனுக்கு என்ன பெயர்?

5. சம்பளம் உங்கள் பெயரில் உள்ள கணக்கில் விழட்டும். ஏடிஎம் கார்டும் உங்கள் கைப்பையிலேயே இருக்கட்டும். வீட்டுச் செலவை இருவரும் உட்கார்ந்து பேசிப் பங்கிட்டுக்கொள்ளுங்கள்.

6. நாளை மகன் பிறந்தால், குடித்த காப்பி டம்ளரைத் தானே கழுவி வைக்கப் பழக்குங்கள். அவன் தங்கையைத் ‘தண்ணி கொண்டா’ என்று விரட்டும் முதல் நாளே தடுத்துவிடுங்கள்.

அடக்கமும் பொறுமையும் நல்ல குணங்கள்தான், வேண்டாமென்று சொல்லவில்லை. மகளுக்கு மட்டும் சொல்லிக்கொடுத்தால் அது அடிமைத்தனம். மகனுக்கும் சேர்த்துச் சொல்லிக்கொடுங்கள்.