ஆஸ்டா நீல்சன் அம்மையார்

டென்மார்க்கு நாட்டின் தலைநகரம் கோப்பன்ஹேகன். அந்நகரில் வெஸ்டர்புரோ என்னும் பகுதி, உழைத்து உண்ணும் எளிய மக்கள் நெருங்கி வாழ்ந்த இடமாகும். அங்கே 1881 ஆம் ஆண்டு செப்டம்பர்த் திங்கள் 11 ஆம் நாள் ஆஸ்டா நீல்சன் பிறந்தார். தந்தையார் கொல்லுத் தொழிலர். அடிக்கடி வேலையின்றி வாடியவர். தாயார் பிறர் துணிகளை வெளுத்துக் கொடுத்துப் பொருள் ஈட்டினார். பிழைப்பை நாடி அக்குடும்பம் கடலுக்கு அப்பால் சுவீடன் நாட்டு மால்மோ நகருக்குச் சென்று சில ஆண்டுகள் தங்கியது. அங்கே தந்தையார் மாவு ஆலையில் வேலை பார்த்தார். மீண்டும் கோப்பன்ஹேகனுக்கே திரும்பினர். ஆஸ்டாவுக்குப் பதினான்கு வயதானபோது தந்தையார் இறந்தார்.

வறுமை வாட்டிய அவ்வீட்டில் நாடக ஆசை எங்ஙனம் முளைத்ததோ! அரசவை நாடக மன்றத்தைச் சேர்ந்த நடிப்புப் பள்ளியில் பதினெட்டாம் வயதில் ஆஸ்டா இடம் பெற்றார். பீட்டர் யெர்ன்டார்ஃப் என்னும் புகழ்பெற்ற நடிகர் அவருக்கு ஆசிரியராய் வாய்த்தார். 1901 இல் ஆஸ்டாவுக்கு ஒரு பெண் மகவு பிறந்தது. குழந்தையின் தந்தை யார் என்பதை அவர் எவரிடமும் கூறவில்லை. ஊரார் வாய்க்கு அஞ்சிக் குழந்தையைக் கைவிட்டவர் பலர் இருந்த காலம் அது. ஆஸ்டாவோ தாயாரும் தமக்கையாரும் துணை நிற்க மகளைத் தாமே வளர்த்தார். கலைப் பயிற்சியையும் விட்டாரில்லை.

நாடக மேடை அவரை விரும்பி ஏற்றது என்று சொல்வதற்கில்லை. கோப்பன்ஹேகனில் சில மன்றங்களிலும், நார்வே, சுவீடன் ஆகிய நாடுகளில் ஊர் ஊராய்ச் சுற்றிய குழுக்களிலும் அவர் நடித்தார். கரிய பெரிய விழிகளும், மெலிந்த உடலும், கணத்துக்குக் கணம் உணர்ச்சி மாறும் முகமும் அவருக்கு உரியவை. ஆனால், குரல் ஆழ்ந்தது. ஏற்ற இறக்கம் ஒழுங்குபடாதது. மேடையில் குரலே தலைமை. முகத்தில் ஓடும் நுண்ணிய மாறுதல்கள் பின்வரிசையில் இருப்போர் கண்ணுக்கு எட்டுமோ? ஆகவே, பல ஆண்டுகள் உழைத்தும் முதன்மையான வேடங்கள் அவரைத் தேடி வரவில்லை.

அந்நாளில் திரைப்படம் சந்தைக்கூத்தோடு ஒப்ப எண்ணப்பட்டது. தகுதியுள்ள நடிகர்கள் அதனை நாட நாணினர். படமும் பேசாப்படம். ஊர்பான் காட் என்னும் நாடகக் கலைஞர் ஆஸ்டாவுக்கென்றே ஒரு கதை எழுதி, அதனைத் தாமே படமாக்கினார். 'படுகுழி' என்று பொருள்படும் பெயருடைய அப்படம் சில நாள்களிலேயே எடுத்து முடிக்கப்பட்டது. ஏறத்தாழ நாற்பது நிமிடம் ஓடக்கூடியது. 1910 ஆம் ஆண்டு செப்டம்பர் 12 ஆம் நாள், அதாவது ஆஸ்டாவின் இருபத்தொன்பதாம் பிறந்தநாளுக்கு மறுநாள், அது கோப்பன்ஹேகனில் திரையிடப்பட்டது. இசை கற்பிக்கும் பெண் ஒருத்தி, மணம் பேசிய நல்லவனை விடுத்துச் சர்க்கஸ் ஆட்டக்காரன் ஒருவன் பின்னே செல்கிறாள். அவன் கொடுமை பொறாது முடிவில் அவனைக் கொன்றுவிடுகிறாள். காவலர் அவளை அழைத்துச் செல்லும் இறுதிக் காட்சியே படத்தின் உயிர். அவள் அலறவில்லை, தலையில் அடித்துக்கொள்ளவில்லை. உயிர் போய்விட்ட ஒருத்தி நடந்து வருவதுபோல அசைவற்ற முகத்தோடு வருகிறாள். கைகளை வீசிக் கண்களை உருட்டி நடிப்பதே நடிப்பென்று அதுவரை எண்ணியிருந்த மக்கள் அம்முகத்தைக் கண்டு வியந்தனர். உள்ளத்து நிகழ்வது உடலில் புலனாதலைத் தமிழ்நூலார் மெய்ப்பாடு என்பர். அம்மெய்ப்பாடு மிகையின்றி வெளிப்படும்போது எத்துணை வலியது என்பதைத் திரையில் காட்டிய முன்னோடிகளுள் ஆஸ்டாவும் ஒருவர். மேடையில் குறையாய் நின்ற குரல், பேசாப்படத்தில் ஒரு பொருட்டே அன்று!

ஒரே படத்தால் புகழ் எல்லை கடந்தது. செருமானியப் பட முதலாளிகள் ஆஸ்டாவையும் ஊர்பான் காட்டையும் அழைத்துக்கொண்டனர். இருவரும் 1912 இல் மணந்துகொண்டனர். அம்மணவாழ்வு நெடுநாள் நிலைக்கவில்லை. பெர்லின் நகருக்கு அண்மையில் பாபெல்ஸ்பெர்க்கு என்னும் இடத்தில் புதிதாய் எழுந்த படநிலையத்தில் முதன்முதலாக எடுக்கப்பட்ட படம் ஆஸ்டா நடித்ததே. பேசாப்படத்துக்கு மொழி வேலி இல்லை. இடையிடையே வரும் எழுத்துப் பலகைகளை மட்டும் அந்தந்த நாட்டு மொழியில் மாற்றிவிட்டாற் போதும். எனவே, பல நாடுகளிலும் மக்கள் அவரைத் தம்மவராகவே கருதினர். செருமானியர் 'நம் ஆஸ்டா' என்பதுபோல் முதற்பெயராலேயே அழைத்தனர். அவர் நடித்த படங்கள் எழுபதுக்கு மேற்பட்டவை. அவற்றுள் தாய்நாட்டில் எடுக்கப்பட்டவை நான்கே என்பது எண்ணத்தக்கது.

1920 இல் அவர் தமக்கென ஒரு படக்குழுவை நிறுவினார். டென்மார்க்கு இளவரசனாகிய ஹாம்லெட்டின் வேடத்தைத் தாமே ஏற்றார். பெண்ணொருத்தி ஆண்வேடம் பூண்பது நாடகத்தில் புதிதன்று. ஆனால், இப்படத்திலோ ஹாம்லெட்டே பெண். அரசன் போரில் மாண்டான் என்ற பொய்ச் செய்தி கேட்ட அரசி, அரியணையைக் காக்கும் பொருட்டுத் தனக்குப் பிறந்த பெண்மகவை ஆண்மகவென அறிவித்துவிடுகிறாள். பிழைத்துத் திரும்பிய அரசனாலும் அப்பொய்யை மாற்ற இயலவில்லை. வாழ்நாள் முழுதும் தன்னை மறைத்தே வாழ வேண்டிய ஒரு பெண்ணின் துயரம் அங்கே ஹாம்லெட்டின் துயரமாகிறது. இக்கருத்தை வைனிங் என்னும் அமெரிக்க அறிஞர் 1881 இல் ஒரு நூலில் கூறியிருந்தார். சேக்சுபியரின் மூலத்துக்கு இஃது ஒவ்வாது என்று கூறுவாரும் உளர். அதில் உண்மை உண்டு. ஆயினும், 1921 இல் வெளிவந்த அப்படத்தில் அம்மையாரின் நடிப்பைக் குறை கூறுவார் அரியர். 1925 இல் 'மகிழ்ச்சியற்ற தெரு' என்ற படத்தில், பின்னாளில் பெரும்புகழ் எய்திய கிரேட்டா கார்போ என்னும் இளநங்கையும் அவரும் நடித்தனர். முகமே பேசும் மொழியாதலை ஆராய்ந்த அங்கேரி நாட்டறிஞர் பேலா பலாசு, 1924 இல் வெளியிட்ட நூலில் ஆஸ்டாவின் கலையைத் தனியே எடுத்துப் போற்றினார்.

பின்னர்ப் பேசும்படம் வந்தது. அம்மையார் நடித்த பேசும்படம் ஒன்றே ஒன்று. அது 1932 இல் வெளிவந்தது. அப்போது அவருக்கு வயது ஐம்பதைக் கடந்திருந்தது. நாடக மேடையையும் இடையிடையே நாடினார். பால்டிக் கடலில் உள்ள ஹிடன்சே என்னும் சிறு தீவில் அவருக்கு ஒரு வீடு இருந்தது. வளைந்த அதன் வடிவைக் கண்டு 'குடைராட்டினம்' என்று அதற்குப் பெயரிட்டிருந்தார். நாட்சியர் ஆட்சி செருமானியத்தில் வேரூன்றியது. அவருடைய பெயரைத் தம் புகழுக்குப் பயன்படுத்திக்கொள்ள ஆட்சியாளர் விரும்பினர். அம்மையார் அதற்கு இணங்கவில்லை. ஆண்டுகள் சில கழிந்தபின் தீவையும் வீட்டையும் புகழையும் விட்டுத் தாய்நாடு திரும்பினார். செருமானியத்தில் பட்டினியால் வாடிய யூதர்களுக்கு உணவுப் பொதிகள் அனுப்புமாறு இளைஞர் ஒருவரிடம் பொருள் கொடுத்து உதவினார். அறிஞர் விக்டர் கிளெம்பரர் அவ்வுதவி பெற்றவர்களுள் ஒருவர்.

தாய்நாட்டில் அவரைத் திரையில் மீண்டும் காண எவரும் முற்படவில்லை. அவர் எழுதுகோலை எடுத்தார். 1945, 1946 ஆம் ஆண்டுகளில் தம் வாழ்க்கை வரலாற்றை இரு பகுதிகளாக வெளியிட்டார். கிரேக்கர் கலைத்தெய்வங்கள் ஒன்பதின்மர் என்பர். திரைக்கலையைப் பத்தாவது தெய்வமாகக் கொண்டு நூலுக்கு 'பத்தாவது கலைமகள்' என்று பொருள்படும் பெயரிட்டார். அதன்பின் ஓவியத்தில் ஈடுபட்டார். அவர் பெயர் நிலைத்தது வண்ணக் குழம்பால் அன்று; துணித் துண்டுகளால். பலநிறத் துணிகளைக் கத்தரித்து, ஒன்றன்மேல் ஒன்றாகப் பொருத்திப் படம் அமைப்பது அக்கலை. தூரிகையால் நிறத்தை மெல்ல மெல்லக் குழைத்து மாற்றலாம். துணியிலோ அது நடவாது. பட்டின் மினுமினுப்பு ஒளியாக வேண்டும்; கம்பளியின் தடிப்பு நிழலாக வேண்டும். கத்தரி ஒரு நூலிடை தவறினாலும் உருவம் கெடும். கண்ணிமையின் சிற்றசைவாலேயே ஒரு கதையைச் சொல்லப் பழகியவருக்கு இந்தச் சிக்கனம் புதிதாய்த் தோன்றியிராது. தாயார் வயிற்றுப்பாட்டுக்காகத் தோய்த்து உலர்த்திய துணி, முதுமையில் மகளுக்குக் கலைப்பொருள் ஆயிற்று.

1964 இல் ஒரே மகளும் மறைந்தாள். அம்மையாருக்கு அப்போது எண்பது கடந்திருந்தது. அத்துயரத்துக்குப் பின்னும் அவர் ஓய்ந்திருக்கவில்லை. 1968 இல் தம் வாழ்வைப் பற்றிய படமொன்றைத் தாமே இயக்கினார். 1970 இல், எண்பத்தெட்டாம் வயதில், கலைப்பொருள் வணிகர் ஒருவரை மணந்தார். ஊரார் வாய்க்கு இளமையில் அஞ்சாதவர் முதுமையிலா அஞ்சுவார்! 1972 ஆம் ஆண்டு மே மாதத்தில் அவர் உயிர் நீத்தார்.

அவர் நடித்த படங்கள் பல காலத்தால் அழிந்துபோயின. ஹாம்லெட்டு படத்தின் வண்ணம் ஏற்றப்பட்ட படி ஒன்று அண்மைக்காலத்தில் கிடைத்தது. அதனைச் செப்பனிட்டு 2007 ஆம் ஆண்டு பெர்லின் திரைப்பட விழாவில் காட்டினர். படம் வெளிவந்து எண்பத்தாறு ஆண்டுகள் கழிந்தபின், கருநிற உடையில் அவ்வம்மையார் மீண்டும் திரையில் தோன்றினார்.