துளசிக்கு ஊற்றும் காபி கணக்கு

வாரம் 3 முறை, முறைக்கு 4 மணி நேரம் டயாலிசிஸ். அந்த நேரத்தை மெஷின் பார்த்துக்கொள்ளும். மீதி நேரம் நம் பாடு. அதில் தண்ணீர்தான் பெரும்பாடு.

முந்தைய நாள் போன சிறுநீரின் அளவோடு அரை லிட்டர் சேர்த்துக் குடிக்கலாம் என்பது பொதுக்கணக்கு. உங்கள் டாக்டர் சொல்வதே முடிவு. காலையில் அந்த அளவுக்கு ஒரு பாட்டிலில் தண்ணீர் பிடித்து வையுங்கள். காபி குடித்தால் அதே அளவைப் பாட்டிலிலிருந்து துளசிச் செடிக்கு ஊற்றிவிடுங்கள். ரசம், மோர், ஐஸ் துண்டு எல்லாமே கணக்கில் வரும். பாட்டில் காலியானால் அன்றைய பங்கு தீர்ந்தது. முதலில் எனக்கு மத்தியானமே தீர்ந்துவிடும். ஊறுகாயையும் அப்பளத்தையும் விட்ட பிறகுதான் தாகம் அடங்கியது.

அதற்காக ‘சோடியம் குறைந்த உப்பு’ வாங்கிவிடாதீர்கள். பெரும்பாலும் அதில் பொட்டாசியம் கலந்திருக்கும். ரத்தத்தில் அது ஏறினால் இதயமே நின்றுபோகலாம். இளநீர் ஆகாது என்பதும் இதனால்தான். காயைப் பொடியாக நறுக்கி, நிறைய நீரில் வேகவைத்து வடித்துவிட்டுத் தாளியுங்கள். சத்தெல்லாம் போகிறதே என்று அம்மா புலம்புவார். போகவேண்டிய சத்துதான்.

தினமும் எழுந்ததும், டயாலிசிஸ் ஊசி ஏற்றக் கையில் ஃபிஸ்டுலா போட்ட இடத்தில் விரல் வையுங்கள். ஓடும் மிக்ஸியைத் தொட்டாற்போல் அதிர வேண்டும். அதிர்வு இல்லையென்றால் உடனே ஆஸ்பத்திரி. அந்தக் கையில் பி.பி. பார்க்க விடாதீர்கள், பை தூக்காதீர்கள்.

வீட்டில் யாருடைய சிறுநீரகமும் பொருந்தாவிட்டால், ஆஸ்பத்திரி வழியாகத் தமிழ்நாடு உறுப்பு மாற்று ஆணையத்தில் பதியுங்கள். அந்த வரிசை நகர, எங்கோ மூளைச்சாவு அடைந்த ஒருவரின் குடும்பம் ‘சரி’ சொல்லவேண்டும். மூளைச்சாவை 4 டாக்டர்கள், குறைந்தது 6 மணி நேர இடைவெளியில் இருமுறை சோதித்து உறுதி செய்வார்கள். ஆனால் வென்டிலேட்டரில் உடம்பு சூடாக, நெஞ்சு ஏறி இறங்கிக்கொண்டிருக்கும். அந்த நேரத்தில் புதிதாக யோசிக்க யாருக்கு மனம் வரும்? தானம் செய்ய நினைப்பவர்கள் ஆதார் வைத்து இணையத்தில் உறுதிமொழி கொடுக்கலாம். அதோடு நிறுத்தாமல் வீட்டிலும் சொல்லிவையுங்கள். கடைசியில் டாக்டர்கள் கேட்பது அவர்களைத்தான்.

என் தங்கை சாப்பாட்டு நேரத்தில் இந்தப் பேச்சை எடுத்தாள். “நல்ல நாளும் அதுவுமா இதென்ன பேச்சு?” என்றார் அத்தை. 2023 முதல் தானம் செய்தவர்களுக்கு அரசு மரியாதை உண்டு என்றாள் தங்கை. அத்தை அசையவில்லை. கை கழுவி வந்தவர் மெதுவாகக் கேட்டார்: “உடம்பைத் தைச்சுத்தானே தருவாங்க?”

“ஆமா அத்தை, தைச்சுத்தான் தருவாங்க.”