படம் ஓரிடம், ஓசை வேறிடம்

மின்னலை முதலில் காண்கிறோம். இடியைப் பின்னர்க் கேட்கிறோம். காரணம் பள்ளியிலேயே படித்ததுதான். ஆனால் திரையில் காணும் காட்சிக்கும் அதனுடன் கேட்கும் ஓசைக்கும் இடையே ஐயாயிரம் மைல் இருக்கலாம் என்பதை எனக்குக் கற்பித்தது ஒரு படம்.

பேசில் ரைட் என்னும் ஆங்கிலேயர் 1934-இல் உருவாக்கிய 'சாங் ஆஃப் சிலோன்' அது. நாற்பது நிமிடத்துக்கு மேற்படாது. இலங்கைத் தேயிலையை விளம்பரம் செய்யும் வாரியம் பணம் கொடுத்தது. ஜான் கிரியர்சன் தயாரித்தார். இலங்கையில் காட்சிகளை மட்டும் பிடித்துக்கொண்டு, ஓசையை லண்டனில் சேர்த்தார்கள். அந்த வேலையில் ரைட்டுக்குத் துணை நின்றவர் வால்ட்டர் லீ என்னும் இசையமைப்பாளர்.

படத்துக்கு நான்கு பகுதிகள். மூன்றாவதன் பெயர் 'வாணிகத்தின் குரல்கள்'. அதை முதலில் ஓசையை அடைத்துவிட்டுப் பாருங்கள். ஒருவர் தென்னையில் ஏறுகிறார். பெண்கள் கொழுந்து பறிக்கிறார்கள். அழகான கிராமக் காட்சி, அவ்வளவே. பிறகு ஓசையைத் திறந்து பாருங்கள். தந்தியின் டக்டக் ஒலி, சந்தை விலைகள், கப்பல் செய்திகள், யாரோ சொல்லச் சொல்ல எழுதப்படும் வணிகக் கடிதங்கள்! மரமேறுபவருக்கு அந்தக் குரல்கள் கேட்பதில்லை. ஆனால் அவர் பறிக்கும் காய்க்கு விலை வைப்பவை அவைதாம். விளக்கவுரை ஒன்றும் இல்லாமலே இது நமக்குப் புரிந்துவிடுகிறது. விளம்பரக்காரர் பணத்திலேயே இதைச் செய்தாரே என்று வியந்தேன்.

எனினும் எனக்கு ஒரு குறை உண்டு. அக்காலத்தில் தேயிலைத் தோட்டங்களில் உழைத்தவர்கள் பெரும்பாலும் நம் நாட்டிலிருந்து சென்ற தமிழர்கள். கண்டிக் கலைஞர்களை லண்டனுக்கே வரவழைத்து முரசொலியைப் பதிவு செய்தவர்கள், கொழுந்து பறித்தவர்களின் பேச்சைத் தேடவில்லை. திரையில் அவர்கள் கைகள் இருக்கின்றன, குரல் இல்லை.

இந்தச் சோதனைக்குப் பெரிய கருவி எதுவும் வேண்டாம். பொங்கல் விடுமுறையில் கைப்பேசியில் எடுத்த எங்கள் ஊர் அறுவடைக் காட்சியின்மேல், இந்நகர ரயில் நிலையத்தின் இந்தி அறிவிப்பை ஏற்றிப் பார்த்தேன். வயலில் நிற்பவர்கள் அனைவரும் வண்டிக்குக் காத்திருப்பவர்கள்போல் தோன்றினார்கள். உண்மையில், அந்த வயலிலிருந்து வண்டி ஏறியவன் நான் ஒருவன்தான்.